நாலு நட்சத்திரம் போட்ட தெரு

செப். 18, வியாழன்

காலையிலிருந்து புழுக்கம். காலாண்டுத் தேர்வு, இயற்பியல். நன்றாக எழுதினேன். கடைசிக் கேள்விக்குப் படம் போட நேரமில்லை. பரவாயில்லை.

மூன்றரைக்கு லோமா. என் மேசை காலி (ஜன்னலோரம், ஏ.சி. முகத்தில் அடிக்காத ஒரே இடம்). நூலகப் புத்தகம் 112ஆம் பக்கம் வரை.

நாற்பது வயதில் இதைப் படிக்கப்போகும் நான் மறந்திருக்கலாம். அதனால் ஒரு குறிப்பு. லோமா என்பது புரிட்டோ கடை. மெல்லிய பெரிய ரொட்டிக்குள் சோறு, ராஜ்மா, காய் அல்லது கோழி, மேலே புளிப்பும் காரமுமாகத் தக்காளி. சுருட்டி ஃபாயிலில் கட்டித் தருவார்கள். வெளியூர்க் கம்பெனி, பல ஊரில் கிளை. மறைமலைநகருக்கு வந்து மூன்று வருடம். முதல் மாதம் ஈ ஓட்டினார்கள். பிறகு ஸ்டெல்லா அக்கா மேனேஜராக வந்தார். எங்கள் மாடி வீட்டில் குடியிருக்கிறார், சொந்த ஊர் கருங்குழி. அவர் கண்டுபிடித்ததுதான் 'பஸ் ரோல்'. ஷிஃப்டுக்குப் போகிறவர்கள் கம்பெனி பஸ்ஸில் நின்றபடியே சாப்பிடலாம்: இரண்டாக வெட்டி, இரட்டை ஃபாயில், அடிப்பக்கம் முறுக்கல். மெனுவில் கிடையாது. கேட்டால் கிடைக்கும். ஊரே கேட்கிறது.

இன்று காதில் விழுந்தது, நீலச் சீருடை இருவர்:

"சீக்கிரம் குடுக்கா, பஸ்சு வந்துகினு கீது."

"வரட்டும் மச்சான். இந்த வாசனைக்கு டிரைவரே எறங்கி வருவாரு, பாரு."

6.10க்கு அப்பா. வியாழன் என்றால் அப்பா. ராஜ்மா, காரம் தூக்கலாக, வெங்காயம் தனியாக. மூன்று வருடத்தில் ஒரு வியாழனும் தவறியதில்லை, காய்ச்சலன்றுகூட. சாப்பிட்டு முடித்ததும் எப்போதும் ஒரே சொல்: "சுமார்."

செப். 20, சனி

புரட்டாசி முதல் சனி. அம்மா நாமம் போட்டுவிட்டாள், அழிக்காமலே லோமா போனேன். பாதிப் பேர் அப்படித்தான் வந்திருந்தார்கள். கோழி கேட்க ஆளில்லை. புரட்டாசிக்கென்று அக்கா தனிக் கல், தனிக் கத்தி, தனிக் கையுறை வைத்திருக்கிறார். "கோழி பட்ட கத்தி இந்தப் பக்கம் வராது" என்று கையால் எழுதிய அட்டை. ஏன் இந்த மாதம் மட்டும் கோழி போணியாவதில்லை என்று கம்பெனி வருடாவருடம் கேட்கிறதாம். அக்கா வருடாவருடம் விளக்குகிறாராம்.

போன வாரம் நான் செய்த பெரிய வேலையைத் தேர்வு அவசரத்தில் எழுதவில்லை. இப்போது:

பில்லின் அடியில் ஒரு கட்டம் இருக்கும். கைபேசியில் பிடித்தால் கருத்துப் படிவம் வரும், அதில் கைபேசி எண், தெருப் பெயர், ஐந்து நட்சத்திரம். எங்கள் தெருவில் ஒருவரும் அதைத் தொடுவதில்லை என்று தெரிந்ததும் நானே இறங்கினேன். சனி, ஞாயிறு, 31 வீடு. "நேர்மையாகப் போடுங்கள்" என்று எல்லோரிடமும் வலியுறுத்தினேன். மொத்தம் 27 பேர் போட்டார்கள்.

நாராயணன் மாமா (தொழிற்சாலை யூனியன் தலைவராக இருந்து ஓய்வு): 4. "மொத்தமா குட்த்துட்டா அப்பறம் பேச்சுவார்த்தைக்கு இன்னா பாப்பா இருக்கும்?"

எதிர்வீட்டு கோமதி ஆன்ட்டி: 4. "நல்லாதான் கீது. ஆனா எங்கூட்டு சாம்பாருக்கே நான் அஞ்சு குடுத்ததில்லயே."

அம்மா: 4. "அஞ்சு போட்டா தலைக்கு ஏறிடும்."

அப்பா: 3½ கேட்டார். பாதி கிடையாது என்றேன். வெகு நேரம் யோசித்து 4. கருணை மதிப்பெண்ணாம். அப்பா தமிழாசிரியர். அவர் கையால் நூற்றுக்கு நூறு வாங்கியவர் மாவட்டத்தில் யாரும் இல்லை. நான் உட்பட.

நான்: 4, கூடவே ஒரு பக்கம் ஆலோசனை. டிஷ்யூ மெல்லியது, வெங்காயம் பெரிது.

ஆக, தெருவே 4. எங்கள் தெரு இதுவரை எதற்கும் இவ்வளவு தாராளமாகப் போட்டதில்லை. நிறைவு.

செப். 23, செவ்வாய்

மழை வருவதுபோல் இருட்டி, வராமல் போனது. வேதியியல் முடிந்தது. அதைப் பற்றி எழுத மனமில்லை.

லோமாவில் பக்கத்து மேசைக்குக் கம்பெனியிலிருந்து ஒரு அதிகாரி மடிக்கணினியுடன் வந்தார். எதிரே ஸ்டெல்லா அக்கா. புத்தகத்துக்குப் பின்னால் நான். பக்கம் திருப்பவே இல்லை. நினைவிருக்கும்போதே எழுதுகிறேன்:

"வியாபாரம் நல்லா இருக்கு ஸ்டெல்லா. ஸ்டார்தான் பிரச்சினை."

"எல்லாரும் நாலு போட்டிருக்காங்களே சார். நாலு நல்லதுதான?"

"நாலுன்னு ஒண்ணு நம்ம சிஸ்டத்துலயே கிடையாதும்மா. அஞ்சு வந்தா ஒண்ணு. மத்ததெல்லாம் சைபர். பத்து நாள் முன்னாடி ஒரே தெருவுல இருந்து இருபத்தேழு சைபர். யாரோ வேணும்னே பண்ணாப்ல இருக்கு."

அந்த யாரோ நான்.

"மாமல்லபுரம் கிளைய பாரு. வரிசையா அஞ்சு. விற்பனை ரெண்டுலயும் ஒண்ணுதான். ஆனா ரெண்டுல ஒண்ணத்தான் வெச்சிக்கப் போறாங்க. அக்டோபர் அஞ்சோட கணக்கு முடியுது."

"கஸ்டமருங்ககிட்ட சொல்லட்டுமா சார்?"

"சொன்னா உன் வேலை போயிடும். ஸ்டாஃப் வாயால ஸ்டார் கேக்கக் கூடாது. ரூல்."

அவர் போனார். அக்கா என் பக்கம் திரும்பாமல் தக்காளி நறுக்கப் போனார். தக்காளி ஏற்கெனவே நறுக்கி இருந்தது.

செப். 24, புதன்

தூக்கம் சரியில்லை. கணக்குத் தேர்வு, பரவாயில்லை ரகம்.

மாடிப்படியில் அக்கா, சீருடையைக் கொடியில் போட்டுக்கொண்டு.

"அக்கா, நேத்து கேட்டேன்."

"நான் ஒண்ணும் சொல்லக் கூடாது மதி."

"நான்தான் அந்த இருபத்தேழு."

"தெரியும். தெருப் பேரு பாத்தாலே தெரியாதா." கிளிப்பை எடுத்துக் கொடுத்தேன். "நல்லதுக்குத்தான பண்ண, வுடு."

திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

கடை மூடினால் ஓசூர்க் கிளைக்குப் போகச் சொல்கிறார்களாம். கருங்குழியிலிருந்து தம்பியை அழைத்து வந்து இங்கே பாலிடெக்னிக்கில் சேர்த்து மூன்று மாதம்தான் ஆகிறது. அவர்கள் வீட்டில் மேனேஜர் என்று சட்டையில் பெயர்ப்பட்டை குத்திக்கொண்ட முதல் ஆள் அவர்தான். ஞாயிற்றுக்கிழமை சர்ச்சுக்குப் போகும்போது மட்டும் அதைக் கழற்றுவார்.

யோசனை: ஸ்டாஃப்தான் கேட்கக் கூடாது. நான் ஸ்டாஃப் இல்லை.

அப்பாவிடம் தொடங்கினேன். முதல் வரியிலேயே நிறுத்திவிட்டார். "பொய் மார்க் போடச் சொல்றியா?"

உண்மையில் சிக்கலே அதுதான். டிஷ்யூ மெல்லியதுதான். வெங்காயம் பெரிதுதான். எத்தனை முறை திருத்தினாலும் நேர்மையாக நாலுதான் வருகிறது. எனக்குப் பிடித்த இடத்துக்கு நான் பொய் சொல்ல வேண்டுமா? வேறு வழி இருக்கும். கண்டுபிடிப்பேன்.

செப். 28, ஞாயிறு

விடுமுறை. சதுரங்கப்பட்டினம், அத்தை வீடு. வெயில், உப்புக் காற்று, கோட்டைச் சுவரோரம் வலை காயப்போட்டிருந்தார்கள். நான்கு பஸ் ரோல் கொண்டுபோனேன். அத்தை (அப்பாவின் அக்கா, மீன் வியாபாரம்) ஃபாயிலைப் பிரித்துப் பார்த்து:

"இன்னாடி இது, சோத்துக்குக் குளுருதுன்னு போர்த்தி வுட்டுக்கிறானா?"

தின்று முடித்து, மாமாவுடையதில் பாதியையும் எடுத்துக்கொண்டார்.

"எத்தனை மார்க் அத்தை?"

"துண்ற பொருளுக்கு எவன்டி மார்க்கு போட்றான்? பேங்க்கு அம்மா ஒண்ணு எங்கிட்ட இருவது வருசமா மீன் வாங்குது. ஒரு நாளு நல்லாகீதுன்னு வாயத் தொறந்ததில்ல. கண்ணு செவந்துகீது, செதிலு ஒட்டிக்கினு கீதுன்னு குத்தம் சொல்லிக்கினே கூடையக் காலி பண்ணிடும்."

மாமா: "உன் தம்பியும் அப்டித்தான். கல்யாணத்துக்குப் பொண்ணு பாத்துட்டு வந்து இன்னா சொன்னான்? சுமாருன்னான்."

(இதை அம்மாவிடம் சொல்ல வேண்டாம்.)

பிற்பகல் ரூபாவின் ஸ்கூட்டியில் மாமல்லபுரம். ரூபா அத்தை மகள், கல்லூரி இரண்டாம் வருடம். அந்த லோமாவைக் கண்ணால் பார்த்துவிடுவது என்று கிளம்பினேன். உண்மையைச் சொன்னால் நம்முடையதைவிட அழகு. வெள்ளைச் சுவர், தொங்கும் விளக்கு. வெறுக்கலாம் என்று போனேன், முடியவில்லை. கவுன்டரில் இருந்த அண்ணன் தண்ணீர் கேட்காமலே கொடுத்தார்.

பக்கத்து மேசையில் வெளியூர்க்காரர் இருவர். படம் எடுத்தார்கள், பாதி சாப்பிட்டார்கள், படிவத்தில் ஐந்து தட்டினார்கள். எழுந்தார்கள். மீதிப் பாதி தட்டிலேயே. ஆங்கிலத்தில் கேட்டேன், மறுபடி வருவீர்களா என்று. அந்த அம்மா சிரித்தார். நாளைக்குக் காலை விமானமாம், இந்தப் பக்கம் இனி எப்போதோ.

அதே படிவம் அச்சடித்த அட்டை மேசையில் இருந்தது. செய்வதற்கு ஒன்றுமில்லாததால் படித்தேன். தெருவில் 27 பேரிடம் நீட்டியபோது நான் ஒரு தடவைகூடப் படிக்கவில்லை. நட்சத்திரங்களைத்தான் காட்டினேன்.

நட்சத்திரங்களுக்கு மேலே, வெளிறிய சாம்பல் நிறத்தில், எறும்பு அளவு எழுத்தில்:

எங்களிடம் மீண்டும் வருவீர்களா?

அவ்வளவுதான் கேள்வி. ருசி எப்படி என்றே கேட்கவில்லை. கடைக்கு மதிப்பெண்ணும் கேட்கவில்லை. கீழே இன்னும் பொடியாக: ஒரு கைபேசி எண்ணுக்குக் கடைசியாக வந்த பதிலே ஏற்கப்படும்.

நாளைக்கு விமானம் ஏறுகிறவர் 'கட்டாயம் வருவேன்' என்று போட்டுவிட்டுப் போகிறார். மூன்று வருடமாக வியாழன் தவறாத அப்பா 'வந்தாலும் வருவேன்' என்று போட்டிருக்கிறார்.

ரூபா: "இன்னாடி, பேயறஞ்சா மாரி நிக்கற?"

செப். 29, திங்கள்

அப்பா சாப்பாட்டு மேசையில் காலாண்டு விடைத்தாள் திருத்திக்கொண்டிருந்தார். சிவப்பு மை. இரண்டு தாளுக்கு ஒரு முறை அதே புலம்பல்: "கேள்வியப் படிக்கறதில்ல. ஒருத்தன்கூடக் கேள்வியப் படிக்கறதில்ல."

இதற்கு மேல் நல்ல நேரம் வராது. படிவத்தைத் திறந்து கைபேசியை விடைத்தாள் கட்டின் மேல் வைத்தேன்.

"அப்பா, இந்தக் கேள்விய சத்தமா படிங்க."

கண்ணாடியைத் தூக்கி, கைபேசியைத் தள்ளி, கிட்டே இழுத்து, படித்தார். மறுபடி மனதுக்குள் படித்தார், உதடு அசைந்தது.

"வருவீங்களா?"

"வியாழக்கிழமை வருவேன்."

"எவ்வளவு வருவீங்க? அஞ்சுல நாலு பங்கா?"

"வர்றதுல என்னம்மா பங்கு. வந்தா முழுசா வந்ததுதான்."

"அப்ப நீங்க எழுதின விடை?"

அப்பா பேனாவை மூடினார். அடுக்களையிலிருந்து அம்மா: "தப்பு. கேள்வியப் படிக்கல."

"எழுத்து ரொம்பப் பொடியா இருக்கு," என்றார் அப்பா.

"எல்லாப் பசங்களும் அதத்தான் சொல்லுதுங்க," என்றாள் அம்மா.

நானும்தான் படிக்கவில்லை. ஆனால் இனி யாரிடமும் பொய் கேட்க வேண்டியதில்லை. கேள்வியைச் சத்தமாகப் படித்துக் காட்டினால் போதும். ஆறு நாள் இருக்கிறது. இந்த வேலை என்னால் முடியும்.

அக். 1, புதன். ஆயுத பூஜை

காலையிலேயே கிளம்பினேன். இந்த முறை ஒரே வசனம்: "கேள்வியப் படிக்கிறேன், கேளுங்க."

நாராயணன் மாமா ஸ்கூட்டருக்குப் பொட்டு வைத்துக்கொண்டிருந்தார். "மறுபடி வருவியான்னா கேக்கறான்? அத மொதல்லயே சொல்றதுக்கின்னா. இது பேச்சுவார்த்தை இல்ல பாப்பா, ஆஜர் பட்டியலு. ஆஜருக்கு ஒரே கையெழுத்துதான்." 5. சந்தனம் பட்ட விரலால் தட்டியதில் திரை மஞ்சள்.

கோமதி ஆன்ட்டி: "வருவேன், அதுக்கு அஞ்சு. சரி. அப்ப கொறைய எங்க சொல்றது?" கீழே தனிப்பெட்டி இருக்கிறது என்று காட்டினேன். முகம் மலர்ந்துவிட்டது. நின்றபடியே பதினோரு வரி.

கடைசி வீடு: "நாங்க அடுத்த வாரம் வீட்ட காலி பண்றோம்மா. இனி எங்க வரப்போறோம்." 1 போட்டார்கள். தடுக்கவில்லை. கேள்விக்கு அதுதான் சரியான விடை. தெருமுனை வரை கணக்கைத் திரும்பத் திரும்பக் கூட்டிப் பார்த்தேன், அது வேறு.

சொந்த ஊர் போனவர்கள் எட்டு வீடு. எண் வாங்கிவைத்திருக்கிறேன்.

மாலை லோமாவில் பூஜை. ரொட்டி அழுத்தும் இயந்திரத்துக்கு மூன்று பட்டை விபூதி, நடுவில் குங்குமம். ஃபாயில் உருளைக்குக் கதம்பம். பைக்குகளின் சக்கரத்தடியில் எலுமிச்சை. பொரி, சுண்டல். ஸ்டெல்லா அக்கா சூடம் ஏற்றவில்லை, ஆனால் பூ கட்டியதெல்லாம் அவர்தான். என்னைப் பார்த்துப் பொரிப் பொட்டலத்தை நீட்டினார்.

"தெருவுல ஒரே நடையாமே."

"விடுமுறை வீட்டுப்பாடம்கா."

இருவரும் அதற்கு மேல் பேசவில்லை. ரூல்.

அக். 2, வியாழன்

விடுமுறை என்பதால் அப்பா வேட்டியில். 6.10. ராஜ்மா, காரம் தூக்கலாக, வெங்காயம் தனியாக. முடித்தார்.

"எப்படிப்பா?"

"சுமார்."

பில்லை வாங்கினார். தன் கைபேசியிலேயே, என்னிடம் உதவி கேட்காமல், கட்டத்தைப் பிடித்தார். மூன்று முறை தவறி நான்காவது முறை. பிறகு என் பக்கம் முதுகைக் காட்டிக்கொண்டு ஒற்றை விரலால் வெகு நேரம் தட்டினார்.

"எவ்வளவு போட்டீங்க?"

"விடைத்தாள அடுத்தவங்களுக்குக் காட்டக் கூடாது."

அக். 5, ஞாயிறு

கடைசி நாள். ஊர் போன எட்டில் ஆறு பேர் பதில் அனுப்பினார்கள். நாராயணன் மாமா தன் பங்குக்கு மூன்று நாளாக, ஷிஃப்டு மாறும் நேரத்தில் பஸ் நிறுத்தத்தில் நின்று, பழைய யூனியன் குரலில் கேட்கிறாராம்: "டேய், நாளைக்கு இங்க துண்ணுவியா மாட்டியா? அத அங்க சொல்லு."

என் பதிலைக் கடைசியாக மாற்றினேன். 5. டிஷ்யூ பற்றிய பத்தியை அப்படியே விட்டேன். அது உண்மை.

செய்ய வேண்டியது முடிந்தது. நாளை பள்ளி.

அக். 16, வியாழன்

விடியற்காலையிலிருந்து மழை. பருவமழை தொடங்கிவிட்டதாம். இதை லோமாவிலிருந்தே எழுதுகிறேன்.

கடை இருக்கிறது. இருக்கும்.

மதியம் அதே அதிகாரி வந்தாராம். மாமல்லபுரத்தை மூடுகிறார்கள். அங்கிருப்பவர்களில் இருவர் அடுத்த மாதம் இங்கே வருகிறார்கள். தண்ணீர் கொடுத்த அண்ணன் அந்த இருவரில் ஒருவரா என்று கேட்டேன், அக்காவுக்குத் தெரியவில்லை. வந்தால் நல்லது.

ஸ்டெல்லா அக்கா அரைமணி நேரமாக ஒரு தாள் கட்டை வைத்துக்கொண்டு தானே சிரித்துக்கொள்கிறார். வாடிக்கையாளர் குறிப்புகள், பெயர் இல்லாமல் கம்பெனி அச்சடித்து அனுப்பியது. கிட்டத்தட்ட எல்லாவற்றிலும் ஐந்து, அதன் கீழே பத்தி பத்தியாகக் குறை. இப்படி ஒரு ஊரைப் பார்த்ததே இல்லை என்றாராம் அதிகாரி.

"இதப் பாரு மதி, இது யாருன்னு சொல்லு," என்று ஒரு தாளை என் மேசையில் வைத்துவிட்டு ரொட்டி போடப் போனார்.

*மீண்டும் வருவேன்: 5.*
*வெங்காயம்: 3½.*

மணி 6.08. மழை விடவில்லை. எதிர்ச்சாரியில் அப்பாவின் குடை.